லாரியில் போன பெண்கள்

அன்புள்ள கயலுக்கு,

நீ அனுப்பிய 'திலிக்' என்ற இந்தோனேசியக் குறும்படத்தை இரண்டு தடவை பார்த்துவிட்டேன். நகரத்து ஆஸ்பத்திரியில் கிடக்கும் ஊர்த்தலைவியைப் பார்க்க, லாரியின் பின்னால் நின்றுகொண்டே போகிறார்கள் பெண்கள். அவ்வளவுதான் கதை. ஆனால் அந்த பு தெஜோ! கைபேசியில் டியன் என்ற பெண்ணின் படத்தைக் காட்டிக் காட்டி, வழி முழுக்க அந்தப் பெண்ணின் தலையை உருட்டுகிறாள். யூ நிங் ஒருத்திதான் மறுத்துப் பேசுகிறாள். போலீஸ் வண்டியை மறித்ததும் பு தெஜோ போட்ட சத்தத்தில் நம் தெருவே கண்முன் வந்துவிட்டது. உன் தாத்தா படுத்திருந்தபோது ஊரிலிருந்து டிராக்டரில் பதினாறு பேர் வந்தார்களே, ஆளுக்கொரு பழப்பையோடு, அதே மாதிரி.

'திலிக்' என்றாலே ஜாவா மொழியில் போய்ப் பார்த்து வருவதாமே. ஜாவாத் தீவின் யோக்யகர்த்தா கலாசாரத் துறை பணம் கொடுத்து 2018-இல் எடுத்த படம். 2020 ஆகஸ்டில் யூடியூபில் ஏறியதும் 2 கோடித் தடவைக்கு மேல் பார்த்திருக்கிறார்கள். ஊர்ப் பேச்சை அப்படியே விட்டு, கீழே இந்தோனேசிய மொழியில் எழுத்து ஓடவிட்டார்கள். நாடே உட்கார்ந்து பார்த்தது. மாலாங் ஊர்ப் பையன் பாயு ஸ்காக்கும் யூடியூபில் ஜாவா மொழியிலேயே பேசிப் பேசித்தான் 2018-இல் 'யோவிஸ் பென்' படத்தோடு தியேட்டருக்கு வந்தாராம். அந்தப் பெயருக்கு 'சரி, விடு' என்று அர்த்தம் என்றாயே, எனக்கு ரொம்பப் பிடித்திருக்கிறது.

2011-இல் அப்பா ஒரு வீடியோ காட்டினாரே, நினைவிருக்கிறதா? இந்தோனேசியாவின் கொரொந்தாலோ ஊர் போலீஸ்காரர் ஒருவர், யூனிஃபார்மோடு உட்கார்ந்தபடி, ரஹ்மானின் 'சைய்ய சைய்யா'வுக்கு வாயசைத்து ஆடுவார். நம் 'தைய்யா தைய்யா' மெட்டு. அது எந்த ஊர் என்றுகூட அன்றைக்கு நான் கேட்கவில்லை. நீ அந்த நாட்டுக்கே போவாய் என்று யார் கண்டது?

உன்னை விமானம் ஏற்றிவிட்ட நாளிலிருந்து எனக்கு ஒரே பயம்தான். உடம்புக்கு முடியாவிட்டால் யார் வருவார்கள்? போன மாதம் காய்ச்சலில் கிடந்தபோது வீட்டுக்கார அம்மாவும் அக்கம்பக்கத்துப் பெண்கள் நாலு பேரும் சோத்தோ சூப்போடு வந்தார்கள் என்று சொன்னாய். ஏதோ மரியாதைக்கு வந்திருப்பார்கள் என்று நினைத்தேன். அந்த லாரியைப் பார்த்த பிறகு நன்றாகத் தூங்குகிறேன், கண்ணு.

அவர்களிடம் இங்கிலீஷிலேயே பேசிச் சமாளிக்காதே. ஜாவா மொழி கற்றுக்கொள். வீட்டுக்கார அம்மாவிடம் நான் நன்றி சொன்னதாக, அவர்கள் மொழியிலேயே 'மதூர் நுவுன்' என்று சொல்லு. ஞாயிற்றுக்கிழமை வீடியோவில் பேசும்போது அவரையும் கூப்பிடு, நானே ஒரு தடவை சொல்கிறேன்.

அன்புடன்,
அம்மா