உன் பொண்ணு எடுக்கட்டும் விடுடி

கவி,

எப்படிடி இருக்க? உன் மெசேஜுக்கு பதில் போட லேட்டாயிடுச்சு, அம்மாவ டாக்டர்கிட்ட கூட்டிட்டுப் போறதும் வர்றதுமாவே இருக்கேன், முட்டி ஆப்பரேஷன் பண்ணித்தான் ஆகணும்ங்கறாங்க, இவங்க மாட்டேன்னு ஒரே அடம். மத்தபடி எல்லாரும் நல்லா இருக்கோம்.

உன் பொண்ணு ஃப்ரெண்ட்ஸ சேத்துக்கிட்டு வெப் சீரிஸ் எடுக்கறான்னு போட்டோ அனுப்பிட்டு, இதெல்லாம் எங்க போய் முடியுமோன்னு கவலப்பட்டிருந்த. மாவு டப்பா மேல அரிசி டப்பா, அதுக்கு மேல சாய்ச்சு வெச்ச போன், ஜன்னல் வெளிச்சத்துல ரெண்டு பொண்ணுங்க தரைல உக்காந்து பேசிட்டு இருக்காங்க. எனக்குப் பாத்ததும் அவ்ளோ சந்தோஷம்டி. அவ இருக்கற அமெரிக்கால அவளுக்கு முன்னாடியே நிறைய பேர் இப்படித்தான் ஆரம்பிச்சிருக்காங்க.

வாங் ஃபூ ப்ரொடக்ஷன்ஸ்னு கேள்விப்பட்டிருப்ப. சான் டியாகோல இருக்கற கலிஃபோர்னியா யுனிவர்சிட்டில படிச்ச மூணு பசங்க, பிலிப் வாங், வெஸ்லி சான், டெட் ஃபூ. யூடியூப் வர்றதுக்கு முன்னாடியே வீடியோ எடுத்தவங்க. அப்போ அமெரிக்க டிவில ஆசிய முகம்னா ஒண்ணு கம்ப்யூட்டர் பையன், இல்ல குங்ஃபூ ஆளு, அவ்ளோதான். இவங்க காட்டினது காதல், பிரிவு, ரூம்மேட் சண்டைன்னு சாதாரண விஷயம். ராண்டால் பார்க் டிவி சீரியல்ல அப்பாவா ஃபேமஸ் ஆகறதுக்கு முன்னாடி இவங்க குறும்படங்கள்ல நடிச்சவர்தான். 2018ல 'யாப்பி'ன்னு அஞ்சு எபிசோட் எடுத்தாங்க, பிலிப் வாங்கே ஹீரோ, நல்லா படிச்சு நல்ல வேலைல இருக்கற ஒரு ஆசிய அமெரிக்கப் பையன் தன் வட்டத்துக்கு வெளிய என்ன இருக்குன்னு யோசிக்க ஆரம்பிக்கற கதை. எனக்குப் பிடிக்கும், ஆனா சில இடத்துல கேரக்டர் பேசற மாதிரி இல்ல, கருத்து சொல்ற மாதிரி ஆயிடுது.

நீ முதல்ல பாக்க வேண்டியது 'ப்ரவுன் கேர்ள்ஸ்'. 2017, சிகாகோ, மொத்தமே ஏழு எபிசோட், எல்லாம் குட்டி குட்டி. எழுதினது ஃபாத்திமா அஸ்கர், பாகிஸ்தானி குடும்பத்துல பொறந்த கவிஞர், டைரக்ட் பண்ணது சாம் பெய்லி. அஸ்கருக்கும் பாடகி ஜமீலா வுட்ஸுக்கும் இருக்கற நட்புல இருந்து வந்த கதை. லெய்லா எழுதறவ, தெற்காசியப் பொண்ணு, தனக்குப் பொண்ணுங்களப் பிடிக்கும்ங்கறத இப்பதான் வெளிய சொல்லப் பழகறா. அவ உயிர்த் தோழி பட்ரீஷியா கறுப்பினப் பொண்ணு, பாட்டு பாடறவ, அவளுக்கு வேலைலயும் காதல்லயும் ஏகப்பட்ட குழப்பம். ரெண்டு பேரும் ஒருத்தருக்கொருத்தர் துணையா இருக்காங்க, அவ்ளோதான் கதை. இதுல யாரும் கேமராவப் பாத்து நாங்க யாரு, எங்க கலாச்சாரம் என்னன்னு வெள்ளைக்காரங்களுக்கு விளக்கம் குடுக்கறதே இல்ல கவி, அதுதான் எனக்கு உயிர். பணம் இல்லாததால வீடு, சோஃபா, பெட்ரூம்னு சின்ன இடத்துலயே கதை நடக்குது, அதனாலயே நாம அவங்க பக்கத்துல உக்காந்து கேக்கற மாதிரி ஆயிடுது, பெரிய செட் போட்டிருந்தா இந்த நெருக்கம் வந்திருக்காதுன்னு நான் அடிச்சு சொல்லுவேன்.

அந்த வருஷமே டிவிக்குக் குடுக்கற எம்மி விருதுக்கு நாமினேஷன் கெடைச்சுது, ஹெச்பிஓ சேனல் இத டிவி சீரிஸா உருவாக்க ஒப்பந்தம் போட்டாங்க. அஸ்கர் அப்புறம் 'மிஸ் மார்வெல்'ங்கற சூப்பர்ஹீரோ சீரிஸ்லயும் எழுதினாங்க, அதுல வர்ற இந்தியா-பாகிஸ்தான் பிரிவினை எபிசோட் அவங்களோடதுதான். இதச் சொல்றது உன் பொண்ணும் அங்க போயே ஆகணும்ங்கறதுக்காக இல்ல. அது ஒண்ணும் வெட்டி வேல இல்லன்னு உனக்குப் புரியணும். அவ வயசுல நம்மகிட்ட சொல்றதுக்கு எவ்ளோ இருந்துச்சு, எடுக்கத்தான் ஒண்ணும் இல்ல.

அவகிட்ட ஒண்ணே ஒண்ணு சொல்லு, படம் கொஞ்சம் மங்கலா இருந்தாலும் பாத்துடலாம், சத்தம் சரியில்லன்னா யாரும் உக்கார மாட்டாங்க. ஷூட் பண்றப்ப ஃப்ரிட்ஜ ஆஃப் பண்ணிக்கச் சொல்லு, ஒரு சின்ன காலர் மைக் வாங்கிக் குடு. முதல் எபிசோட் ரெடியானதும் எனக்கு அனுப்பணும். அம்மா ஆப்பரேஷனுக்கு ஒத்துக்கிட்டா தேதி சொல்றேன், நீயும் ஒரு தடவ அவங்களுக்கு போன் போட்டுப் பேசேன், உன் பேச்சக் கேப்பாங்க.

உன்,
சுமதி