வாய்க்காலின் மேல் ஒரு கேற்

ஆசிரியர் அவர்களுக்கு,

கொக்குவிலில் எங்கள் ஒழுங்கையில் ஆறு பரப்பு வளவொன்றில் முன்பு ஒரே வீடு. இப்போது அதில் மூன்று மாடிவீடுகள். சனம் வீடு கட்டத்தானே வேண்டும், சரி. ஆனால் வெள்ள வாய்க்காலை மண்போட்டு மூடி அதன்மேல் கேற் வைத்திருக்கிறார்கள். போன கார்த்திகை மழைக்கு வெள்ளம் என் அடுப்படி வாசலில் நின்றது. அதைவிடப் பயம் கிணறுதான். புதிய மலசலகூடக் குழி மதிலுக்கு அந்தப்பக்கம். நாடா பிடித்து அளந்தேன், கிணற்றிலிருந்து பதினாறு அடி. யாழ்ப்பாணத்தில் வற்றாத ஆறு இல்லை. சுண்ணாம்புக்கல் வெடிப்புகளால் இறங்கும் மழைநீரைத்தான் அள்ளிக் குடிக்கிறோம். குழிக் கழிவும் அதே வெடிப்புகளால்தான் இறங்கும். இப்போது குடிக்கப் போத்தல் தண்ணீர் வாங்குகிறேன். அனுமதி கொடுப்பவர்கள் வரைபடத்தோடு நிற்காமல் ஒருமுறை நாடாவோடும் வரட்டும்.

ஓய்வுபெற்ற ஆசிரியை,
கொக்குவில்