தாத்தாதான் செய்தார் என்று சொன்னவருக்கு

அன்புள்ள யொஹான்னஸ் பொப்ரோவ்ஸ்கி அவர்களுக்கு,

ஜெர்மன் மொழியில் நீங்கள் எழுதிய ‘லெவினின் ஆலை’ நாவலை இரண்டாம் தடவை படித்து முடித்த கையோடு எழுதுகிறேன். முதல் தடவை பாதியிலேயே மூடி வைத்துவிட்டேன். ஆட்களின் பெயர்கள் அப்படிக் குழப்பின. அது நீங்கள் தெரிந்தே செய்த வேலை என்று இப்போதுதான் பிடிபட்டது. விஸ்துலா நதியில் போய்ச் சேரும் சிற்றாறு ஒன்றின் கரையில் ஒரு கிராமம், வருஷம் 1874. அங்கே ஜெர்மானியர்களுக்குக் காமின்ஸ்கி, தொமாஷெவ்ஸ்கி என்று போலந்துப் பெயர். போலந்துக்காரர்களுக்கோ லேப்ரெக்ட், கெர்மான் என்று ஜெர்மன் பெயர். நாங்கள் வேறு, அவர்கள் வேறு என்று மார்தட்டும் ஊரை அதன் பெயர்களே கேலி செய்கின்றன. ஜெர்மானியரான உங்களுக்கே பொப்ரோவ்ஸ்கி என்றுதானே பெயர்?

கதை சின்னதுதான். தேக்கி வைத்த தண்ணீரை ராத்திரியோடு ராத்திரியாகத் திறந்துவிடுகிறார் கதைசொல்லியின் தாத்தா, ஊரில் ஆலை வைத்திருக்கும் ஜெர்மானியர். கீழே இருந்த யூத இளைஞன் லெவினின் மாவு ஆலை அடித்துக்கொண்டு போகிறது. அவன் கோர்ட்டுக்குப் போகிறான். தாத்தா பிடிக்க வேண்டியவர்களைப் பிடிக்கிறார். கடைசியில் லெவின் ஊரைவிட்டே போகிறான்.

இதை நீங்கள் வெளியிட்டது 1964-இல், போர் முடிந்து 19 வருஷம் கழித்து. பழியை நாஜிகள் தலையில் போட்டுவிட்டுப் போயிருக்கலாம், யாரும் கேட்டிருக்க மாட்டார்கள். நீங்களோ ஹிட்லர் ஆட்சிக்கு வருவதற்கு ஏறக்குறைய 60 வருஷம் பின்னால் போய், ‘என் தாத்தா’ என்று ஆரம்பித்தீர்கள். அதையும் நெஞ்சை நிமிர்த்திச் சொல்லவில்லை. இதைச் சொல்வது தப்போ, தப்பில்லையோ என்று முதல் வரியிலேயே இழுக்கிறீர்கள். குடும்பக் கதைகளில் தாத்தாக்கள் எல்லோரும் நல்லவர்களாகவே இருப்பார்கள். பேரன் வாய் திறக்கும்போது நாக்கு தடுமாறத்தானே செய்யும்.

நீங்கள் 1917-இல் பிறந்த, அன்று ஜெர்மனியில் இருந்த தில்சித் இன்று ரஷ்யாவில், சோவெட்ஸ்க் என்ற பெயரில் இருக்கிறது. போய்விட்ட ஊரை நினைத்து அழுது எழுதினால் கேட்க ஆள் இருந்தார்கள். உங்களுக்கு அது போதவில்லை. 1941-இல் ரஷ்யாவின் இல்மென் ஏரிக்கரையில்தான், அந்த ரஷ்ய நிலத்தைப் பற்றிய உங்கள் கவிதைகள் தொடங்கின. ஏரியின் அழகைப் பார்த்தவர், அதைப் பிடிக்க வந்த ஜெர்மன் படையின் சிப்பாய். பிறகு 1949 வரை சோவியத் சிறை முகாம். ஜெர்மானியர்கள் வருவதற்கு முன் உங்கள் ஊர்ப்பக்கம் வாழ்ந்த பழைய பிரஷ்யர்களுக்கு நீங்கள் பாடிய இரங்கற்பாவைப் படித்தபோதுதான் எனக்கு உறைத்தது: தெயுத்தோனிய வீரர்கள் என்ற ஜெர்மானியத் துறவிப் படையினர் அடக்கி ஒடுக்கிய அந்த மக்களின் மொழி அழிந்தது, அவர்கள் பெயரை மட்டும் ஜெர்மானியர்கள் தங்கள் அரசுக்குச் சூட்டிக்கொண்டார்கள்.

ஒரு குறையும் உண்டு. முன்னோர்கள் தாத்தாவின் கனவில் வந்து போகும் பக்கங்கள் எனக்கு இன்னும் ஒட்டவில்லை. நடுவில் வரும் சர்க்கஸ் எல்லாவற்றையும் சரிக்கட்டிவிடுகிறது.

முடிவில் தாத்தா, தன்னை நிம்மதியாக விடச் சொல்கிறார். ஓவியர் பிலிப்பி ஒரே சொல்லில் மறுக்கிறார். அந்தச் சொல்லையும் ஒரு வாக்கியமாகக் கணக்கில் எடுத்துக்கொள்கிறீர்கள். ‘என் தாத்தாவைப் பற்றி 34 வாக்கியங்கள்’ என்று உபதலைப்பு வைத்தவராயிற்றே! பென்சிலோடு உட்கார்ந்து எண்ணிப் பார்த்தேன், எங்கேயோ விட்டுவிட்டேன். ஞாயிற்றுக்கிழமை மறுபடி முதலிலிருந்து எண்ண வேண்டும்.

அன்புடன்,
உங்கள் வாசகன்