இரட்டை வழக்கு என்பது எது?

ஆசிரியருக்கு வணக்கம்.

ஞாயிறு இணைப்பில் வந்த மொழிக் கட்டுரை, சென்னைக்காரர்கள் தமிழும் ஆங்கிலமும் கலந்து பேசுவதை ‘இரட்டை வழக்கு’ என்று குறிப்பிட்டிருந்தது. அது பொருந்தாது.

மொழியியலாளர் சார்லஸ் ஃபெர்குசன் 1959இல் அரபு, நவீன கிரேக்கம், சுவிட்சர்லாந்து ஜெர்மன், ஹைத்தி கிரியோல் ஆகியவற்றை வைத்து இரட்டை வழக்கை விளக்கினார். ஒரே மொழியில் எழுத்துக்கும் மேடைக்கும் உயர்வழக்கு என்ற ஒரு வடிவம், வீட்டுக்கும் கடைவீதிக்கும் இன்னொன்று. உயர்வழக்கு யாருக்கும் வீட்டில் வருவதில்லை, பள்ளியில்தான் படிக்கிறோம். நம் தமிழும் அப்படித்தான். செய்தியில் “மழை பெய்துகொண்டிருக்கிறது” என்று வாசிப்பவரே வீட்டுக்குப் போனதும் “மழை பெஞ்சிட்டிருக்கு” என்பார். எவ்வளவு படித்தவரும் அடுப்படியில் செந்தமிழ் பேசுவதில்லை. வட்டார வழக்கோடும் இதைக் குழப்பக் கூடாது. கொங்குத் தமிழ், நெல்லைத் தமிழ் இரண்டுமே பேச்சுதான்.

சரி, இன்னொரு மொழியியலாளர் ஃபிஷ்மன் 1967இல் பராகுவேயின் ஸ்பானிஷ், குவாரனி போன்ற இரு வேறு மொழிகளுக்கும் இதை விரித்தாரே என்று கேட்கலாம். அங்கும் எந்த இடத்துக்கு எது என்ற பங்கீடு உண்டு. ஒரே வாக்கியத்தில் இரண்டையும் சேர்த்துப் பேசுவதற்கு மொழிக்கலப்பு என்ற பெயர் ஏற்கெனவே இருக்கிறது.

இதைப் பெயர்ச் சண்டை என்று தள்ளிவிடாதீர்கள். “வந்துட்டாங்க” என்று பேசிவந்த முதல் வகுப்புக் குழந்தை, பாடநூலில் “வந்துவிட்டார்கள்” என்று படித்துத் தடுமாறுகிறது. அந்தச் சிரமத்தைப் பேச நமக்கிருக்கும் சொல் ‘இரட்டை வழக்கு’தான். அடுத்த இணைப்பிலாவது திருத்தம் வெளியிடுங்கள்.

– ஒரு தமிழாசிரியர், தஞ்சாவூர்