விசாகப்பட்டினத்தில் நம்ம ஊர் விமானம்

அன்புள்ள குமார்,

உன் கடிதம் வந்து மூன்று வாரம் ஆகிறது. பெரியவளைக் கல்லூரியில் சேர்க்க விசாகப்பட்டினம் போய்விட்டேன், அதனால்தான் உடனே பதில் போட முடியவில்லை. நல்லபடியாகச் சேர்த்தாயிற்று. ஹாஸ்டல் சாப்பாட்டில் காரம்தான் அதிகம் என்கிறாள், பழகிவிடுவாள். அம்மாவுக்கு முட்டி வலி அப்படியேதான் இருக்கிறது. உன்னை ரொம்ப விசாரித்ததாக எழுதச் சொன்னார்கள். தங்கச்சியையும் பிள்ளைகளையும் நான் கேட்டதாகச் சொல்.

அப்புறம், அங்கே நான் யாரைப் பார்த்தேன் தெரியுமா? நம்ம டியூ-142-ஐ, அதுதான் கடற்படையின் பழைய கண்காணிப்பு விமானத்தை!

கடற்கரைச் சாலையில், குர்சுரா நீர்மூழ்கிக் கப்பலுக்கு எதிர்ப்பக்கம் நிறுத்தி, அருங்காட்சியகமாக வைத்திருக்கிறார்கள். ஆட்டோவில் போகும்போதே வால் தெரிந்தது. "நிறுத்துப்பா" என்று கத்திவிட்டேன். மகள் பயந்தே போய்விட்டாள். அரக்கோணத்தில் நம் தலைக்கு மேலே பறந்ததை இத்தனை வருடம் கழித்துத் தரையில் பார்க்கிறேன் என்பது அவளுக்கு எப்படிப் புரியும்?

1992 மார்ச் 11-ஆம் தேதி குடியரசுத் தலைவர் ஆர். வெங்கட்ராமன் வந்து நம்ம ஊர்க் கடற்படை விமானத்தளமான ராஜாளியைத் தொடங்கி வைத்தபோது நாம் ஒன்பதாவது. அந்த வருடமே கோவாவிலிருந்து இந்த விமானங்கள் நம்ம ஊருக்கு வந்துவிட்டன. கணக்கு வாத்தியார் சாக்பீஸைப் போர்டில் வைத்தபடியே நிற்பாரே, சத்தம் அடங்கும்வரை? ஜன்னல் கம்பியைப் பிடித்தால் கைக்குள் அதிர்வு தெரியும். அந்தச் சத்தத்தின் காரணத்தை இப்போதுதான் பக்கத்தில் நின்று பார்த்தேன். நான்கு எஞ்சின். ஒவ்வொன்றிலும் ஒன்றன் பின் ஒன்றாக இரண்டு காற்றாடி, ஒன்று இப்படிச் சுற்றினால் மற்றது எதிர்ப்பக்கம் சுற்றும். ஒரு எஞ்சினுக்கே ஏறக்குறைய 15,000 குதிரைத்திறன். நீளம் 53 மீட்டர், அதாவது இரண்டு ரயில் பெட்டியைச் சேர்த்து வைத்தாலும் இதற்குப் போதாது.

உள்ளே குனிந்துதான் போக வேண்டும். வெளியே அவ்வளவு பெரிய உடம்பு, உள்ளே ஆள் நடக்க ஒரு சந்து. பத்து மணி நேரத்துக்கும் மேலே இதற்குள் உட்கார்ந்து கடலைப் பார்த்துக்கொண்டே பறந்திருக்கிறார்கள். பக்கத்துக் கூடத்தில் சோனோபாய் என்று ஒரு குழாய் வைத்திருந்தார்கள். நான் அதிக நேரம் நின்றது அதன் முன்னால்தான். விமானத்திலிருந்து அதைக் கடலில் போட்டால் மிதந்துகொண்டே தண்ணீருக்குள் ஒரு மைக்கை இறக்கிவிடும். ஆழத்தில் போகும் நீர்மூழ்கியின் சத்தத்தைப் பிடித்து மேலே ரேடியோவில் அனுப்பும். நம்ம ஊரையே நடுங்க வைத்த விமானத்துக்கு வேலை, கடலுக்கடியில் கேட்கிற மெல்லிய சத்தத்தைத் தேடுவது! இது தெரியாமலே பள்ளிப் படிப்பை முடித்திருக்கிறோம்.

சுற்றிக் காட்டியவர் கடற்படையில் இருந்து ஓய்வு பெற்றவர். அரக்கோணத்துக்காரன் என்றதும் என் கையைப் பிடித்துக்கொண்டார். ஸ்டேஷன் பக்கத்தில் சாப்பிட்ட இட்லியை இன்னும் மறக்கவில்லையாம். 2017 மார்ச் 29-இல் ராஜாளியில்தான் இவற்றுக்கு விடை கொடுத்தார்கள். இப்போது அந்த வேலைக்குப் பறப்பது பி-8ஐ (P-8I) என்ற விமானம், போயிங் 737 பயணிகள் விமானத்தை வைத்துச் செய்தது. சத்தம் பயணிகள் விமானம் மாதிரிதான் இருக்கும்.

விமானம் அங்கே இருப்பதில் எனக்கு வருத்தம் இல்லை. கிழக்குக் கடற்படைக்குத் தலைமையிடமே அந்த ஊர்தான். 1942 ஏப்ரல் 6-இல் ஜப்பான்காரன் குண்டு போட்டதும் அந்த ஊரில்தான். அந்த நாட்களில்தானே சென்னையைக் காலி செய்துகொண்டு ஜனங்கள் ரயில் ஏறி உள்நாட்டுப் பக்கம் ஓடினார்கள்? உங்க தாத்தா திண்ணையில் உட்கார்ந்து அதைச் சொல்லச் சொல்லக் கேட்டிருக்கிறோம். போர்க்கால ரன்வேக்கு ஜல்லி சுமந்ததை, தார் வெயிலில் கால் பொத்துப்போனதை, கூலியைச் சனிக்கிழமை வரிசையில் நின்று வாங்கியதை எல்லாம் சொல்வார். அந்தப் பழைய விமானத்தளம்தான் பின்னால் ராஜாளி ஆனது.

என் ஆதங்கம் அதில்தான். ராஜாளி மதில் சுவருக்குள் நாம் போக முடியாது. பாதுகாப்பு இடம், அது நியாயம். ஆனால் சுவருக்கு வெளியே இருக்கிற கதையை யார் வைத்துக்கொள்வது? இங்கே வேலூர் லாங்பஜார் மணிக்கூண்டில் ஒரு கல் இருக்கிறது: முதல் உலகப்போருக்கு இங்கிருந்து 277 பேர் போனார்கள், 14 பேர் உயிர் கொடுத்தார்கள் என்று. அதில் ஒரு பேர்கூட இல்லை. காய்கறி வாங்கப் போகும்போதெல்லாம் அந்த எண்ணிக்கையைப் படிக்கிறேன், ஒவ்வொரு முறையும் மனசு என்னவோ செய்கிறது.

2015 டிசம்பர் உனக்கு ஞாபகம் இருக்கும். மீனம்பாக்கத்தில் தண்ணீர் புகுந்து விமான நிலையத்தையே மூடிவிட்டார்கள். சில நாட்கள் ராஜாளியிலிருந்துதான் பயணிகள் விமானம் பறந்தது. நீ அப்போது வெளிநாட்டில். நான் மாமா வீட்டில் இருந்தேன். டீக்கடை வாசலில் ஒரு அம்மா, முழங்கால்வரை ஈரப்புடவை, சூட்கேஸ் சக்கரம் முழுக்கச் சேறு. "ஏர்போர்ட்டுக்கு எப்படிப் போறது?" என்று கேட்டார். அரக்கோணத்தில் யாரும் என்னிடம் அதுவரை கேட்காத கேள்வி. டீக்காரர் காசு வாங்கவில்லை. சக்கரத்துச் சேற்றை நானே குச்சியால் நோண்டி எடுத்து, ஆட்டோவில் ஏற்றிவிட்டேன்.

இதையெல்லாம் எழுதி வைக்கலாம் என்று தீர்மானித்திருக்கிறேன். ரன்வேயில் வேலை செய்தவர்கள் இனி கிடைக்கமாட்டார்கள், அவர்கள் சொல்லக் கேட்ட பிள்ளைகள் இருக்கிறார்கள். ஞாயிற்றுக்கிழமைகளில் ஊர் ஊராகப் போகப் போகிறேன். அப்துல்லாபுரத்தில் நம்ம வேலூர் விமான நிலையம் வேலை முடிந்தும் பயணிகள் விமானத்துக்காகக் காத்திருக்கிறது. அது ஓடத் தொடங்கும் நாளில் அங்கே ஒரு சுவராவது இந்தக் கதைக்குக் கேட்டுப் பார்க்க வேண்டும். படமும் பொருளும் கையில் இருந்தால்தான் கேட்க முடியும்.

சரி, உன்னிடம் ஒரு உதவி. உங்க தாத்தா அரைஞாண் கயிற்றில் கட்டியிருந்தாரே, நம்பர் போட்ட பித்தளை வில்லை, கூலி வாங்கக் காட்டுவது. அது அத்தையின் டிரங்குப் பெட்டியில்தான் இருக்க வேண்டும். புளி போட்டுத் தேய்த்துவிடாதே, நம்பர் அழிந்துவிடும். பொங்கலுக்கு வரும்போது கையோடு கொண்டு வா. தபாலில் அனுப்ப வேண்டாம்.

அன்புடன்,
ரவி
சத்துவாச்சாரி