பேசாப்பட கார்ட்டூன்களுக்கு ஒரு வரி போதாது

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழில் வந்த கார்ட்டூன் வரலாற்றுக் கட்டுரை, 1928-இல் மிக்கி மவுஸ் விசிலடிக்கும் காட்சியிலிருந்து தொடங்குகிறது. அதற்கு முந்தைய பேசாப் படங்களை 'சோதனை முயற்சிகள்' என்று ஒரே வரியில் கடந்துவிட்டார் கட்டுரையாளர். இதை என்னால் ஏற்க முடியவில்லை.

1919-இல் திரைக்கு வந்த ஃபீலிக்ஸ் பூனையையே எடுத்துக்கொள்ளுங்கள். அது குழம்பினால் தலைக்கு மேல் ஒரு கேள்விக்குறி தோன்றும். சரி, அதிலென்ன என்று கேட்கலாம். ஃபீலிக்ஸ் அந்தக் கேள்விக்குறியை எட்டிப் பிடித்துக் கொக்கியாக மாட்டிக்கொள்ளும்! பூனையும் மையால் போட்ட கோடுதான், கேள்விக்குறியும் மையால் போட்ட கோடுதான். ஒன்று நடக்கலாம் என்றால் இன்னொன்று கொக்கியாகவும் ஆகலாம். படமாக வரைந்தால் மட்டுமே வரக்கூடிய சிரிப்பு இது. 1923-இல் வந்த 'ஃபீலிக்ஸ் இன் ஹாலிவுட்' படத்தில் வாலைக் கழற்றிக் கைத்தடியாகச் சுழற்றியபடி, கார்ட்டூனாக வரைந்த சாப்ளின் முன்னாலேயே சாப்ளின் நடை நடந்து காட்டும். தன் சரக்கைத் திருடுகிறது என்று அவர் கோபப்படுவார்.

அந்த நடை சும்மா வந்துவிடவில்லை. ஃபீலிக்ஸை வரைந்த ஆட்டோ மெஸ்மர், அதற்கு முன்பே சாப்ளினை வைத்துக் கார்ட்டூன் படங்கள் செய்தவர். உடம்பை வைத்தே சிரிக்கவைக்கும் வித்தையை அங்கேதான் அவர் கூர்ந்து பார்த்திருக்க வேண்டும். ஆனால் படங்களில் பெயர் போட்டுக்கொண்டவர் ஸ்டூடியோ முதலாளி பாட் சல்லிவன். மெஸ்மர்தான் வரைந்தார் என்பது வெளியே பரவலாகத் தெரியப் பல பத்தாண்டுகள் ஆயின. உங்கள் கட்டுரையிலும் அவர் பெயர் இல்லாததுதான் எனக்குப் பெரிய வருத்தம்.

அப்புறம், 1914-இல் வின்சர் மெக்கே என்ற கார்ட்டூன் ஓவியர் மேடையில் நின்றுகொண்டு, திரையில் இருந்த கெர்ட்டி என்ற டைனோசருக்குச் சாட்டையோடு கட்டளையிட்டார். அது அடம்பிடிக்கும், அதட்டினால் குழந்தை மாதிரி அழும். கடைசியில் மெக்கே திரைக்குப் பின்னால் மறைய, வரைந்த மெக்கே ஒருவர் படத்துக்குள் வந்து கெர்ட்டி மேல் ஏறிப் போவார். மேடையில் இருந்தவரே உள்ளே போனதுபோல் இருக்கும். இதையெல்லாம் வெறும் சோதனை என்று எப்படிச் சொல்வது?

கட்டுரையின் தொடர்ச்சி வருமானால் மெஸ்மருக்கு ஒரு பக்கமாவது ஒதுக்குங்கள். ஃபீலிக்ஸின் பழைய படங்கள் பல இணையத்தில் இலவசமாகவே கிடைக்கின்றன. பிற்பாடு சேர்த்த இசையை நிறுத்திவிட்டுப் பார்க்கும்படி வாசகர்களிடம் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
ஒரு வாசகர், மதுரை