லெம்மிங்குகள் தற்கொலை செய்துகொள்வதில்லை

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். கோடை விடுமுறையில் பிள்ளைகளுக்குக் காட்டலாம் என்று வலசைப் படங்கள் சிலவற்றைப் பரிந்துரைத்து உங்கள் இதழில் வந்த கட்டுரையை இரண்டு முறை படித்தேன். யானை, புலி என்று நின்றுவிடாமல், ஆண்டுதோறும் ஊர்விட்டு ஊர் போய்த் திரும்பும் உயிர்களுக்காக ஒரு தமிழ் இதழ் நான்கு பக்கம் ஒதுக்கியிருப்பது எனக்கு மிகுந்த மகிழ்ச்சி. கட்டுரை எழுதியவருக்கு என் நன்றி. ஆனால் அதில் ஒரு வரியைப் படித்ததும் பேனாவை எடுத்துவிட்டேன். வடதுருவத்தை ஒட்டிய குளிர்நாடுகளில் வாழும் லெம்மிங் எலிகள் எண்ணிக்கை பெருத்துப்போனால் கூட்டமாக ஓடிக் கடலில் குதித்து உயிரை விட்டுவிடும் என்று போகிற போக்கில் எழுதியிருக்கிறார். அது உண்மை இல்லை.

நான் பள்ளியில் விலங்கியல் நடத்தி ஓய்வுபெற்றவள். இந்தக் கதையை நானும் வகுப்பில் சொல்லியிருக்கிறேன். ஒரு தடவை இரண்டு தடவை இல்லை, உயிரினத் தொகை பற்றிய பாடம் வரும் ஒவ்வொரு ஆண்டும். பிள்ளைகள் கண் விரியக் கேட்பார்கள். அது தவறு என்று எனக்குத் தெரியவந்தபோது ஓய்வுபெற நான்கு ஆண்டுகள்தான் இருந்தன. அதற்குள் எத்தனையோ பிள்ளைகள் அந்தக் கதையை நம்பியபடியே பள்ளியை விட்டுப் போய்விட்டார்கள். அந்த வருத்தம் இன்னும் இருக்கிறது. அதனால்தான் இவ்வளவு நீளமாக எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

லெம்மிங் பற்றிய நம்பிக்கை பழையதுதான். ஆனால் அதை உலகமே கண்ணால் பார்த்ததுபோல் ஆக்கியது ஒரு படம். 1958-இல் வால்ட் டிஸ்னி நிறுவனம் வெளியிட்ட ‘ஒயிட் வில்டர்னஸ்’. சிறந்த ஆவணப்படத்துக்கான ஆஸ்கரும் வாங்கியது. அதில் லெம்மிங்குகள் வெறி பிடித்ததுபோல் ஓடி, பாறை விளிம்பிலிருந்து நீருக்குள் சரிந்து விழும். அது ஆர்க்டிக் கடல் என்பார் வர்ணனையாளர். உண்மையில் அந்தக் காட்சி எடுக்கப்பட்டது கனடாவின் ஆல்பர்ட்டா மாநிலத்தில். அந்த மாநிலத்துக்குக் கடற்கரையே கிடையாது. படம் எடுத்த பகுதியில் லெம்மிங்கும் கிடையாது. கனடாவின் இன்னொரு மாநிலமான மனிடோபாவில் இனூயிட் என்ற வடதுருவப் பழங்குடிச் சிறுவர்களிடம் காசு கொடுத்து வாங்கிக்கொண்டு வந்தார்கள். சில டஜன் எலிகளைப் பனி பரப்பிய ஒரு சுழல் மேடையில் ஓடவிட்டு, பல கோணங்களில் எடுத்து, பெரும் கூட்டம்போல் காட்டினார்கள். கடைசியில் அவற்றை ஓர் ஆற்றங்கரைப் பாறைக்கு விரட்டிக்கொண்டுபோய்க் கீழே தள்ளினார்கள். 1980-களின் தொடக்கத்தில் கனடாவின் சிபிசி தொலைக்காட்சி துருவிப் பார்த்து இதை வெளியே கொண்டுவந்தது. அதாவது, தற்கொலை என்று நாம் பார்த்தது ஒரு கொலை.

சரி, லெம்மிங் உண்மையில் என்னதான் செய்கிறது? மூன்று நான்கு ஆண்டுகளுக்கு ஒருமுறை அவற்றின் எண்ணிக்கை கிடுகிடுவென்று ஏறும். அப்புறம் அதே வேகத்தில் சரியும். பெருத்த காலத்தில் இரைக்கும் இடத்துக்கும் போட்டி வந்து, பல லெம்மிங்குகள் வேறு இடம் தேடிக் கிளம்பும். குறுக்கே ஆறோ ஏரியோ வந்தால் நீந்தும், நன்றாகவே நீந்தும். அகலம் அதிகமானால் சில மூழ்கிச் சாகும். பிழைக்க இடம் தேடிப்போகிற வழியில் வரும் சாவு அது. இதைவிடப் பெரிய கதை ஒரு சிற்றெலிக்கு வேண்டுமா?

இதற்காக, ஏற்பாடு செய்து எடுத்த படம் எல்லாமே பொய் என்று நான் சொல்ல வரவில்லை. நீங்கள் முதலிடம் கொடுத்திருக்கும் ‘விங்டு மைக்ரேஷன்’ படத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். பிரான்சைச் சேர்ந்த ழாக் பெரென் தன் குழுவுடன் மூன்று ஆண்டுகளுக்கும் மேல் உழைத்து 2001-இல் வெளியிட்டது. பறக்கும் வாத்தின் இறகுக்குப் பக்கத்திலேயே நாமும் பறக்கிறோம். அதன் மூச்சு கேட்கிறது. நம் திருநெல்வேலி கூந்தன்குளத்துக்குக் குளிர்காலத்தில் வருகிற அதே வரித்தலை வாத்தை இமயமலைப் பனியில் பார்க்கும்போது எனக்கு உடம்பு சிலிர்த்தது. பறவைகளை எடுத்ததில் சிறப்புத் தந்திரக் காட்சி எதுவும் இல்லை என்று படம் தொடக்கத்திலேயே சொல்கிறது. அது உண்மைதான். ஆனால் பாதி உண்மை. அவ்வளவு நெருக்கத்தில் நம்மோடு பறக்கும் பறவைகளில் பல, மனிதக் கைகளில் வளர்ந்தவை. முட்டைக்குள் இருக்கும்போதே இன்ஜின் சத்தத்தையும் மனிதக் குரலையும் கேட்கவைத்து, பொரிந்ததிலிருந்து கூடவே இருந்து வளர்த்தார்கள். வாத்துக் குஞ்சு கண் திறந்ததும் முதலில் பார்ப்பதைத் தாயாக வரித்துக்கொண்டு அதன் பின்னாலேயே போகும் என்பதை ஆராய்ந்து காட்டிய கொன்ராட் லோரென்ஸ் 1973-இல் நோபல் பரிசு பெற்றவர்களில் ஒருவர். அந்த இயல்பைத்தான் படக்குழு பயன்படுத்திக்கொண்டது. ‘தாய்’ அல்ட்ராலைட் என்கிற சிறு விமானத்தில் கேமராக்காரரோடு ஏறிப் பறந்தால், பிள்ளைகள் பின்னால் பறக்காமல் என்ன செய்யும்?

இதைச் சொன்னால் படத்தின் மாயம் போய்விடும் என்று நினைப்பவர்கள் உண்டு. என் அனுபவம் நேர்மாறு. நான் பிள்ளைகளுக்கு முதலில் படம் உருவான விதத்தைச் சொல்லிவிட்டுத்தான் படத்தைப் போடுவேன். படம் முடிந்ததும் வந்த கேள்விகளை நீங்கள் கேட்டிருக்க வேண்டும். வளர்த்த பறவைக்கு வழி எப்படித் தெரியும்? அது மறுபடி காட்டுக்குப் போகுமா? காட்டு வாத்துகள் அதைச் சேர்த்துக்கொள்ளுமா? படத்தை மட்டும் பார்த்த பிள்ளை ‘சூப்பர்’ என்று சொல்லிவிட்டு எழுந்துபோய்விடும்.

அதே உத்தி படத்துக்கு வெளியேயும் பயன்பட்டிருக்கிறது. கனடாக்காரர் பில் லிஷ்மன் 1993-இல் தன் சிறு விமானத்தின் பின்னால் 18 வாத்துகளை ஒன்டாரியோவிலிருந்து அமெரிக்காவின் வர்ஜீனியா வரை அழைத்துப்போனார். அந்த அனுபவத்தை வைத்து 2001-இல் ஹூப்பிங் கிரேன் என்ற பெருங்கொக்குகளுக்கு விஸ்கான்சினிலிருந்து ஃப்ளோரிடாவுக்கு வலசைப் பாதை கற்றுக்கொடுத்தார்கள். 1940-களின் தொடக்கத்தில் உலகம் முழுவதும் இருபத்துச் சொச்சம்தான் மிஞ்சியிருந்த இனம் அது. விமானிகள் வெள்ளை அங்கியால் தலைமுதல் கால்வரை மூடிக்கொண்டு, கொக்குகளின் காதுபட ஒரு வார்த்தை பேசாமல் வேலை செய்தார்கள். மனிதரிடம் ஒட்டிக்கொண்டுவிட்டால் காட்டில் பிழைக்காதே என்ற கவலை.

பென்குயின் படத்துக்கு வருகிறேன். 2005-இல் லூக் ஜாக்கே இயக்கிய ‘மார்ச் ஆஃப் த பென்குயின்ஸ்’. இரண்டு ஒளிப்பதிவாளர்கள் அண்டார்க்டிகாவில் ஓராண்டுக்கு மேல் தங்கி எடுத்த காட்சிகளில் எனக்கு ஒரு குறையும் இல்லை. என் கவலை வர்ணனைதான். பிரெஞ்சு மூலத்தில் பென்குயின்களே மனிதக் குரலில் பேசும். அமெரிக்கப் பதிப்பில் மார்கன் ஃப்ரீமன் கதை சொல்வார், அது காதல் கதை. குடும்ப வாழ்வுக்கு இதுவே இலக்கணம் என்று அங்கே சிலர் பாராட்டி எழுதினார்கள். ஆனால் பேரரசப் பென்குயின்களில் பெரும்பாலானவை அடுத்த ஆண்டு வேறு துணையோடுதான் சேரும். அவற்றுக்கு நிலையான கூடு கிடையாது, போன ஆண்டுத் துணையைத் தேடிக் காத்திருக்கக் காலமும் கிடையாது. ஆண் பறவை இரண்டு மாதத்துக்கும் மேல் முட்டையைப் பாதத்தின் மேல் வைத்துக்கொண்டு, பட்டினியாக, பனிப்புயலில் நிற்கிறது. அதற்கு மேல் நம் கல்யாணப் பேச்சையும் அதன் தலையில் ஏற்ற வேண்டுமா?

ஆப்பிரிக்காவின் மாரா ஆற்றைப் பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும். வில்டபீஸ்ட் என்ற, மாடு போன்ற பெரிய மான்களின் கூட்டம் ஆற்றில் பாய்வதும், முதலை வாயைப் பிளப்பதும் இல்லாத வலசைப் படமே இல்லை. அக்கரை ஏறியதும் இசை உயரும், காட்சி முடியும். எனக்கோ காட்சி அங்கேதான் தொடங்க வேண்டும் என்று தோன்றும். மாராவில் ஆண்டுக்குச் சராசரியாக 6,250 வில்டபீஸ்ட்கள் மூழ்கிச் சாகின்றன என்று 2017-இல் வெளியான ஓர் ஆய்வு கணக்கிட்டது. முதலை தின்பது அதில் சிறு பங்குதான். கழுகும் மீனும் தின்றதுபோக, எலும்புகள் ஏழு ஆண்டுகள்வரை மெல்லக் கரைந்து ஆற்றுக்குச் சத்துத் தருகின்றன. எந்தக் கேமரா ஏழு ஆண்டு காத்திருக்கும்? அதை எழுத்தில்தான் சொல்ல முடியும். உங்களைப் போன்ற இதழ்தான் சொல்ல முடியும்.

இன்னொன்றும் உண்டு. 1960-களின் தொடக்கத்தில், இந்த வில்டபீஸ்ட்கள் மேயும் செரெங்கெட்டிப் புல்வெளியில் இரண்டரை லட்சம் வில்டபீஸ்ட்கள்தான் இருந்தன. 1970-களின் இறுதிக்குள் 13 லட்சம். முக்கியக் காரணம், சுற்றுவட்டாரத்து மாடுகளுக்குப் போட்ட தடுப்பூசி. மாட்டுக்கு வரும் வெக்கை நோய் காட்டு விலங்குகளையும் கொன்றுகொண்டிருந்தது. மாடுகளிடம் அது ஒழிந்ததும் காட்டிலும் ஒழிந்தது. நம் கிராமங்களில் மந்தை மந்தையாக மாடுகளை வாரிக்கொண்டுபோன அதே வெக்கை நோய்தான். ஊசியும் கையுமாக அலைந்த கால்நடை மருத்துவர்களை எந்த வலசைப் படத்திலும் நான் பார்த்ததில்லை.

அதனால் என் வேண்டுகோள் இதுதான். அடுத்த முறை படம் பரிந்துரைக்கும்போது, ஒவ்வொரு படத்துக்குக் கீழும் இரண்டு மூன்று வரி சேருங்கள். காட்சிகள் காட்டில் எடுத்தவையா, வளர்த்த விலங்கா, வர்ணனையில் எது மிகை என்று. பெற்றோர் அதைப் படித்துவிட்டுப் பிள்ளைகளோடு உட்காரட்டும். லெம்மிங் பற்றிய வரிக்கு மட்டும் அடுத்த இதழிலேயே திருத்தம் போட்டுவிடுங்கள்.

உங்கள் கட்டுரையை எங்கள் தெருப் பிள்ளைகள் வெட்டி நூலகத்துப் பலகையில் ஒட்டியிருக்கிறார்கள். அந்த வரியின் பக்கத்தில் பென்சிலால் ஒரு கோடு போட்டு வைத்திருக்கிறேன். திருத்தம் வந்ததும் அதையும் வெட்டி, அந்த வரியின் மேல் ஒட்டிவிடுவேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற விலங்கியல் ஆசிரியை,
தஞ்சாவூர்